யானைப்புல் ஒன்பது அடி வளர்ந்து நிற்கிறது, மாடு தண்டை ஒதுக்குகிறது. எங்கே தவறினேன்?

செவலைக்கன்று எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். அரை ஏக்கரில் கம்பு நேப்பியர் ஒட்டுப்புல் (கம்பையும் யானைப்புல்லையும் ஒட்டியது) நட்டு நான்கரை மாதம் ஆகிறது. நடும்போது எரு போட்டேன், அவ்வளவுதான். தண்ணீருக்குக் குறைவில்லை. இப்போது ஒன்பது அடிக்கு நிற்கிறது. காற்றில் அசைவதைப் பார்க்கும்போது மனசு நிறைந்துவிடும். அதனாலேயே இன்னும் கொஞ்சம் வளரட்டும் என்று வெட்டாமல் தள்ளிப் போட்டேன்.

பதினைந்து நாளாகத்தான் வெட்டிப் போடுகிறேன். நான்கு கறவை மாடு, இரண்டு கன்று. மாடு இலையை உருவித் தின்றுவிட்டுத் தண்டை அப்படியே விட்டுவிடுகிறது. காலையில் பார்த்தால் தொட்டியில் பாதிக்கு மேல் தண்டு கிடக்கிறது. முன்பு வரப்புப் புல்லும் காராமணிக் கொடியும் போட்டபோது கிடைத்த பாலைவிட இப்போது மாட்டுக்கு ஒரு லிட்டர் குறைந்திருக்கிறது. அடர் தீவனத்தை மாற்றவில்லை.

இவ்வளவு புல் இருந்தும் பால் குறைவது ஏன் என்று புரியவில்லை. ரகம் சரியில்லையா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

தூர்க்கட்டு எழுதியது:

தம்பி, ரகத்தைப் பற்றி அப்புறம் பேசலாம். நாளைக் காலையில் புல்லுக்குள் போய் ஒரு தண்டைப் பிடித்து, தரையிலிருந்து மேலே ஒவ்வொரு கணுவுக்கும் இடையில் கட்டைவிரல் நகத்தால் கிள்ளிப் பாருங்கள். எந்த இடத்தில் நகம் இறங்குகிறது என்று எழுதுங்கள். மாட்டின் பல்லும் அந்த இடத்திலிருந்துதான் வேலை செய்யும்.

முதல் அறுப்பு நட்ட 75 முதல் 80 நாளில் வந்திருக்க வேண்டும். அதற்குப் பிறகு 45 நாளுக்கு ஒரு அறுப்பு. நீங்கள் 135 நாள் விட்டிருக்கிறீர்கள். இந்தப் புல் உயரத்தைக் கூட்டும்போது இலையைக் கூட்டுவதில்லை. 45 நாளில் எடையில் பாதிக்கு மேல் இலை இருக்கும். மூன்று மாதம் தாண்டினால் தண்டு பெரும்பாகம் ஆகிவிடும், அதிலும் நார் கட்டையாகிவிடும். அதை எந்த வயிறாலும் முழுதாகச் செரிக்க முடியாது.

புரதக் கணக்கும் அதே மாதிரிதான். ஈரம் நீக்கிய எடையில், ஒரு மாதப் புல்லில் 12 சதவீதத்தை ஒட்டிப் புரதம் இருக்கும். 45 நாளில் 9, 10. இரண்டு மாதம் தாண்டினால் 7-க்கு வந்துவிடும். உங்கள் புல் அதற்கும் கீழே போயிருக்கும். 7 சதவீதத்துக்குக் கீழே போனால் மாட்டின் முதல் வயிற்றில் நாரைப் பிரிக்கும் நுண்ணுயிரிகளுக்கே சாப்பாடு போதாது. அவை மந்தமானால் தின்றது நகராது, தின்றது நகராவிட்டால் மாடு அடுத்த வாய் எடுக்காது. பால் குறைந்ததற்குக் காரணம் அங்கேதான் இருக்கிறது.

செவலைக்கன்று எழுதியது:

அண்ணா, போய்ப் பார்த்தேன். அடியிலிருந்து ஏழாவது கணு வரை நகம் இறங்கவே இல்லை. எட்டாவதில் மேல்தோல் மட்டும் கீறியது. பத்தாவதுக்கு மேலேதான் பச்சைச் சாறு வந்தது. அடித்தண்டைக் குறுக்கே வெட்டிப் பார்த்தேன். வெளி ஓடு மூங்கில் மாதிரி, உள்ளே சோறு காய்ந்து பஞ்சாகக் கிடக்கிறது. கீழ்ச்சோகை (அடி இலை) எல்லாம் பழுத்துத் தொங்குகிறது.

இவ்வளவு நாள் பார்த்து மகிழ்ந்தது இந்தக் கட்டையைத்தான் என்று தெரிந்ததும் வருத்தமாகிவிட்டது. முழுக்க வெட்டி எறிந்துவிடட்டுமா?

கரணைக்காரி எழுதியது:

தம்பி, எறியாதீர்கள்! மாட்டுக்கு ஆகாத அந்த அடித்தண்டுதான் நடவுக்கு நல்ல கரணை (நடுவதற்கு வெட்டும் தண்டுத் துண்டு). 45 நாள் புல்லில் கரணை எடுத்தால் மண்ணுக்குள் அழுகிவிடும். மூன்று மாதம் தாண்டிய தண்டில், நுனிப்பாகத்தைத் தள்ளிவிட்டு, கீழ் மூன்றில் இரண்டு பங்கை எடுங்கள். இரண்டு கணு இருக்கும்படி வெட்டுங்கள். கணுவில் மொட்டு தடித்துப் பச்சையாக இருக்க வேண்டும். சோகைக்குள் ஏற்கனவே நீளமாக முளைத்துவிட்டதும் வேண்டாம், கறுத்துச் சுருங்கியதும் வேண்டாம்.

நடும்போது ஒரு கணு மண்ணுக்குள், ஒரு கணு வெளியே. லேசாகச் சாய்த்து ஊன்றுங்கள். மொட்டு மேல்நோக்கி இருக்கிறதா என்று ஒவ்வொரு கரணையையும் பார்க்க வேண்டும். கூலிக்கு ஆள் விட்டால் இதில்தான் கவனம் தவறும். தலைகீழாக ஊன்றியதும் முளைக்கும், ஆனால் தாமதமாக, மெலிந்து வரும். மூன்றாவது வாரம் வயலைச் சுற்றிப் பார்த்து, முளைக்காத இடத்தில் புதுக்கரணை ஊன்றி நிரப்பிவிடுங்கள். ஒரு மாதம் ஆகிவிட்டால் பக்கத்துத் தூரின் நிழலில் புதுக்கரணை எழாது.

இடைவெளி 60-க்கு 50 சென்டிமீட்டர் என்றால் ஏக்கருக்கு 13,000 கரணைக்குக் கொஞ்சம் மேல் வேண்டும். நடுவில் பயறுத் தீவனம் விட நினைத்தால் 90-க்கு 60 வையுங்கள், 7,500 போதும். முதல் 40 நாள் களையை விடாதீர்கள். அதற்குப் பிறகு அதுவே களையை அடக்கிக்கொள்ளும்.

பசும்பாத்தி எழுதியது:

அக்கா, ஒரு சந்தேகம். எல்லாரும் கரணைதான் என்கிறார்கள். இதற்கு விதை கிடையாதா? எங்கள் வயலில் ஒரு முறை பூத்ததே.

கரணைக்காரி எழுதியது:

பூக்கும், விதை பிடிக்காது. கம்புக்கு 14 குரோமோசோம், யானைப்புல்லுக்கு 28. இரண்டையும் ஒட்டும்போது பாதிக்குப் பாதி சேர்ந்து 7-ம் 14-ம் 21 ஆகிறது. ஒற்றைப்படையாக வருவதால் ஜோடி சேர முடியாது, பூ மலடாகிவிடும். அதனால் 'ஒட்டுப்புல் விதை' என்று பொட்டலம் போட்டு யாராவது விற்றால் வாங்காதீர்கள்.

அசல் யானைப்புல்லில் விதை உண்டு. ஆனால் மிகச் சிறியது, முளைப்பும் குறைவு, முளைத்ததும் தாய் மாதிரி இருக்காது. அதையும் கரணையில்தான் பெருக்குகிறார்கள்.

ஒட்டில் கம்பு சேர்ந்ததால் இலை மென்மையாகி சுணை (உடம்பில் பட்டால் அரிக்கும் மயிர்) குறைந்தது. யானைப்புல் பக்கத்திலிருந்து தூர்க்கட்டும் பல ஆண்டு நிற்கும் குணமும் வந்தது. அசல் புல்லை அரைக்கை சட்டையோடு அறுத்தவர்களுக்கு சுணை என்றால் என்னவென்று தெரியும்.

கொட்டில்_மருத்துவன் எழுதியது:

நான் கால்நடை மருத்துவன். தூர்க்கட்டு அண்ணன் சொன்னது சரி. ஆனால் இந்த இழையைப் படிப்பவர்கள் 'இளசாக இருந்தால் நல்லது' என்று எடுத்துக்கொண்டு 25 நாளிலேயே அறுக்கத் தொடங்கிவிடக் கூடாது. அதனால் இரண்டு விஷயம் சொல்கிறேன்.

முதலாவது ஆக்சலேட். இந்தப் புல்லில் அது இயல்பாகவே உண்டு, இளம் இலையில் அதிகம். தழைச்சத்தும் (நைட்ரஜன்) சாம்பல்சத்தும் (பொட்டாசியம்) அளவுக்கு மீறிப் போட்டால் இன்னும் கூடும். தீவனத்தில் இருக்கும் சுண்ணாம்புச்சத்தை அது பிடித்துக்கொண்டு சாணத்தோடு வெளியே கொண்டுபோய்விடும். பழகிய மாட்டின் வயிற்று நுண்ணுயிரிகள் பெரும்பகுதியைச் சிதைத்துவிடும், அதனால் கறவை மாடு உடனே விழுந்துவிடாது. ஆனால் பால் மடியில் சுண்ணாம்பு போய்க்கொண்டே இருக்கும்போது தீவனத்திலும் கிடைக்காவிட்டால் எலும்பிலிருந்துதான் எடுக்க வேண்டும். கன்று ஈன்ற மாடு எழ முடியாமல் படுத்துவிட்டது என்று எனக்கு அழைப்பு வந்தால், மாதக்கணக்காக என்ன புல் போட்டீர்கள், தாது உப்பு கொடுத்தீர்களா என்றுதான் முதலில் கேட்பேன். புதிதாகத் தொடங்கும்போது பத்துப் பதினைந்து நாளில் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டுங்கள். தாது உப்புக் கலவையைத் தினமும் கொடுங்கள். இதை மட்டுமே ஒரே தீவனமாகப் போடாதீர்கள். குதிரை வைத்திருப்பவர்கள் இந்தப் புல்லைத் தவிர்ப்பது நல்லது. குதிரைக்கு மாட்டின் வயிறு கிடையாது, சுண்ணாம்பு இழந்து முக எலும்பு வீங்கிவிடும்.

இரண்டாவது நைட்ரேட். வறட்சியில் வாடி நின்ற புல், மழை பெய்ததும் வேர் வழியாக நைட்ரேட்டை வேகமாக இழுக்கும். இலை அதைப் புரதமாக மாற்றுவதற்குள் நீங்கள் அறுத்துப் போட்டால் ஆபத்து. யூரியா போட்ட சில நாளில் அறுப்பதும் அப்படித்தான். மாடு மூச்சு வாங்கும், தள்ளாடும், ஈறு நிறம் மாறும், இரத்தம் சாக்லேட் பழுப்பாக இருக்கும். உடனே மருத்துவரைக் கூப்பிடுங்கள். ஊசி மருந்து உண்டு, ஆனால் மணிக்கணக்கில் காத்திருக்க முடியாது.

வரப்புமேடு எழுதியது:

மேற்கோள்: "மழை பெய்ததும்... அறுத்துப் போட்டால் ஆபத்து"

டாக்டர் சார், அறுத்து ஒரு நாள் வாட வைத்துப் போட்டால் அந்த விஷம் போய்விடும் அல்லவா? நாங்கள் இளஞ்சோளத்துக்கு அப்படித்தான் செய்வோம்.

கொட்டில்_மருத்துவன் எழுதியது:

இல்லை ஐயா, இது முக்கியம். இளஞ்சோளத்தில் இருப்பது சயனைடு வகை. அறுத்து வாட வைத்தால் அது ஆவியாகிக் குறையும், அதனால் உங்கள் பழக்கம் சோளத்துக்குச் சரி. நைட்ரேட் உப்பு, காய்ந்தாலும் அப்படியே இருக்கும். வைக்கோலாகவே ஆக்கினாலும் போகாது. காற்றுப் புகாமல் புளிக்க வைத்தால் ஓரளவு குறையும். மழைக்குப் பிறகு ஒரு வாரம், பத்து நாள் காத்திருந்து அறுப்பதுதான் வழி. அவசரம் என்றால் அடித்தண்டை உயரமாக விட்டு மேல்பாகத்தை மட்டும் எடுங்கள், நைட்ரேட் அடித்தண்டில்தான் தேங்கும். அதையும் வைக்கோலோடு கலந்து, கொஞ்சமாகக் கொடுங்கள்.

எருக்குழி எழுதியது:

மேற்கோள்: "நடும்போது எரு போட்டேன், அவ்வளவுதான்"

செவலைக்கன்று, எனக்கு உங்கள் பதிவில் கண்ணில் பட்டது இந்த வரிதான். அறுப்பு நாளை இனி சரி செய்துவிடுவீர்கள். ஆனால் இதைச் சரி செய்யாவிட்டால் இரண்டாம் ஆண்டு மறுபடி வந்து 'புல் மெலிகிறது, ரகம் கெட்டுவிட்டதா?' என்று கேட்பீர்கள். இந்தக் கேள்வியை நான் பல இடங்களில் பார்த்துவிட்டேன், நானும் ஒரு காலத்தில் அதையே கேட்டேன். அதனால் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நெல்லில் நாம் எடுப்பது தானியமும் வைக்கோலும், ஆண்டுக்கு ஒன்றோ இரண்டோ முறை. இந்தப் புல்லில் ஆண்டுக்கு ஏழு முறை, தரைக்கு மேலே இருக்கும் அத்தனையையும் எடுத்துக்கொண்டு போகிறோம். வயலில் ஒரு சோகை கூட மட்க விடுவதில்லை.

ஏக்கருக்கு ஆண்டுக்கு 80 டன் பச்சைப்புல் எடுப்பதாக வைத்துக்கொள்வோம். நன்றாகக் கவனிக்கும் வயலில் இது வரக்கூடியதுதான். அதில் ஈரம் போக 18 சதவீதம் என்றால் காய்ந்த எடை 14 டன்னுக்குக் கொஞ்சம் மேல். 9 சதவீதம் புரதம் என்று பார்த்தால், புரதத்தை 6.25-ஆல் வகுத்தால் தழைச்சத்து வரும், கிட்டத்தட்ட 200 கிலோ. சாம்பல்சத்து அதைவிட அதிகம், 300 கிலோவைத் தாண்டும். ஒரு ஏக்கரிலிருந்து, ஒரே ஆண்டில்! மண் இதை எங்கிருந்து கொடுக்கும்? முதல் ஆண்டு தன் சேமிப்பிலிருந்து கொடுக்கும். இரண்டாம் ஆண்டு பாதி கொடுக்கும். மூன்றாம் ஆண்டு தூர் நடுவில் செத்து வளையமாக நிற்கும்.

நல்ல விஷயம் என்னவென்றால், அந்தச் சத்து எங்கேயும் ஓடிப்போகவில்லை. பாலில் போவது கொஞ்சம்தான். மீதி கொட்டிலில் இருக்கிறது. அதிலும் சாம்பல்சத்தில் பெரும்பங்கு சாணத்தில் கிடையாது, கோமியத்தில்தான் வெளியே வரும். தழைச்சத்திலும் நல்ல பங்கு கோமியத்தில். நம்மில் பெரும்பாலானோர் சாணத்தைக் கவனமாக அள்ளிக் குழியில் போடுகிறோம், கோமியத்தைத் தண்ணீர் விட்டுக் கழுவி வெளியே விட்டுவிடுகிறோம். நான் கொட்டிலின் பின்பக்கம் ஒரு சிறு தொட்டி கட்டி, கழுவும் தண்ணீரையும் கோமியத்தையும் அதில் சேர்த்து, வாய்க்காலில் பாசனத் தண்ணீரோடு கலந்துவிடுகிறேன். அறுத்த பாத்திக்கு மட்டும், அறுத்த மூன்றாம் நாள். அதைத் தொடங்கிய மூன்றாவது அறுப்பிலேயே இலையின் ஓரம் காய்வது நின்றுவிட்டது. இலை ஓரம் பழுப்பாகக் கருகுவது சாம்பல்சத்துக் குறைவின் அடையாளம். அதை நான் அதுவரை தண்ணீர்க் குறை என்றே நினைத்திருந்தேன்.

தொழு உரம் நடும்போது ஏக்கருக்கு 10 டன், பிறகு ஆண்டுக்கு ஒரு முறை அதில் பாதியாவது. தூருக்கு மண் அணைக்கும்போதே போட்டுவிடலாம். ஒவ்வொரு அறுப்புக்குப் பிறகும் தழைச்சத்து கட்டாயம், ஏக்கருக்கு 25, 30 கிலோ. யூரியாவாக என்றால் ஒரு மூட்டையும் கொஞ்சமும். கொட்டில் தண்ணீர் விட்டால் அதில் பாதியைக் குறைக்கலாம். டாக்டர் சொன்ன ஆபத்து இருப்பதால், அறுத்த உடனே போடுங்கள், அறுக்கப் போகும் வாரத்தில் போடாதீர்கள்.

தூர்க்கட்டு எழுதியது:

எருக்குழி ஐயா எழுதியதை அச்செடுத்துக் கொட்டிலில் ஒட்ட வேண்டும். ஒரு இடத்தில் மட்டும் சேர்த்துக்கொள்கிறேன். இவ்வளவு போட்டாலும் தண்ணீர் தேங்கினால் பயன் இல்லை. இந்தப் புல் ஆற்றோரத்தில் பிறந்தது, ஆனால் ஓடுகிற தண்ணீருக்குத்தான் பழக்கம். இரண்டு வாரம் வேர் தண்ணீரில் நின்றால் மஞ்சளாகிவிடும். களிமண் என்றால் பார் (நீள மண்மேடு) கட்டி நடுங்கள்.

குளிரும் ஆகாது. இரவு வெப்பம் 10 டிகிரிக்குக் கீழே போனால் வளர்ச்சி ஏறக்குறைய நின்றுவிடும். அந்த மாதங்களில் 45 நாள் கணக்கு செல்லாது, நகத்தை நம்புங்கள்.

பசும்பாத்தி எழுதியது:

வெட்டும் உயரம் பற்றி யாரும் சொல்லவில்லையே? நான் தரையோடு தரையாக வெட்டுகிறேன். மண்ணுக்குள்ளிருந்து வரும் துளிர் தடிமனாக இருக்கிறது.

கரணைக்காரி எழுதியது:

அப்படி வெட்டி ஒரு பாத்தியையே இழந்திருக்கிறேன் தம்பி. வெயில் காலம், வெட்டிய பிறகு ஒரு வாரம் தண்ணீர் விட முடியவில்லை. மறுதுளிர் வருவதற்கு முதலில் அடிக்கட்டையிலும் வேரிலும் சேர்த்து வைத்த மாவுச்சத்துதான் உதவும். கட்டையை முழுக்க எடுத்துவிட்டால் வேர் மட்டுமே தாங்க வேண்டும். 10 முதல் 15 சென்டிமீட்டர் விடுங்கள்.

தூர்க்கட்டு எழுதியது:

அக்காவோடு இதில் கொஞ்சம் வேறுபடுகிறேன். 15 சென்டிமீட்டர் விட்டுக்கொண்டே போனால் ஒவ்வொரு அறுப்பிலும் கட்டை ஏறும், துளிர் மேல்கணுவிலிருந்து மெலிந்து வரும், காற்றில் ஒடியும். தண்ணீர் உறுதியாக இருக்கும் மாதங்களில் ஒரு முறை 5 சென்டிமீட்டரில் சீராக வெட்டி, அன்றே மண் அணைத்துத் தண்ணீர் விட்டுவிடுவேன். மற்ற அறுப்பெல்லாம் அக்கா சொன்ன உயரம்தான். அரிவாள் கூராக இருக்க வேண்டும். மழுங்கிய அரிவாளால் இழுத்தால் கட்டை பிளந்து அழுகல் இறங்கும்.

வரப்புமேடு எழுதியது:

ரகம் பற்றிச் சொல்லுங்களேன். சூப்பர் நேப்பியர் என்று ஒன்றை மிகவும் புகழ்கிறார்கள்.

கரணைக்காரி எழுதியது:

சூப்பர் நேப்பியர் என்பது தாய்லாந்தில் உருவான பாக்சோங் 1. அதுவும் கம்பும் யானைப்புல்லும் சேர்ந்த ஒட்டுதான். உயரம் நிறைய வரும், சுணை குறைவு. தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் 2008-ல் வெளியிட்ட கோ 4 ரகத்துக்கு ஹெக்டேருக்கு ஆண்டுக்கு 380 முதல் 400 டன் என்று அறிவித்தார்கள். உங்கள் வயலில் அப்படியே வரும் என்று எண்ண வேண்டாம், எருக்குழி ஐயாவின் கணக்கை அந்த அளவுக்குப் போட்டுப் பாருங்கள், எவ்வளவு உரம் வேண்டும் என்று தெரியும். அமெரிக்காவில் 1988-ல் வந்த மாட் என்ற குட்டை ரகம் உண்டு. கணு நெருக்கம், இலை அதிகம், மேய்ச்சலுக்கே விடலாம்.

என் அனுபவத்தில் 90 நாள் விட்ட உயர்ந்த ரகத்தைவிட, 45 நாளில் அறுத்த சாதாரண ரகம் மாட்டுக்கு நல்லது. ரகத்தை மாற்றுவதற்கு முன் அறுப்பு நாளை மாற்றிப் பாருங்கள்.

மழைத்தூறல் எழுதியது:

கரணை வாங்குபவர்களுக்கு என் அனுபவம் ஒன்று. இரண்டு ஆண்டுக்கு முன் ஒரு நாற்றுப்பண்ணையில் கரணை வாங்கினேன். முதல் அறுப்பு அருமை. இரண்டாவது அறுப்புக்குப் பிறகு சில தூர்களில் துளிர் சின்னச் சின்னதாக, மஞ்சளாக, விளக்குமாறு மாதிரி கொத்தாக வந்தது. முழங்கால் உயரம்தான். உரம் போட்டேன், நுண்ணூட்டம் தெளித்தேன், மாறவில்லை. நான்காவது அறுப்புக்குள் பக்கத்து வரிசைக்கும் போய்விட்டது. இது என்ன?

தூர்க்கட்டு எழுதியது:

மழைத்தூறல், நீங்கள் சொல்லும் அடையாளம் குட்டை நோய் மாதிரி இருக்கிறது. கிழக்கு ஆப்பிரிக்காவில் சிறு பால்பண்ணைகளை மிகவும் வாட்டிய நோய். பைட்டோபிளாஸ்மா என்ற நுண்ணுயிரி, தத்துப்பூச்சி வழியாகவும் கரணை வழியாகவும் பரவும். அறுத்த பிறகுதான் வெளியே தெரியும் என்பதுதான் இதில் கொடுமை. நிற்கும் புல்லைப் பார்த்துக் கரணை வாங்கினால் ஏமாந்துவிடுவோம். மருந்து கிடையாது. அந்தத் தூரை வேரோடு தோண்டி எரித்துவிடுங்கள், அந்த வயலிலிருந்து யாருக்கும் கரணை கொடுக்காதீர்கள். ஒரு மாதிரியை வேளாண் அலுவலரிடம் காட்டி உறுதி செய்துகொள்வது நல்லது. இனிக் கரணை வாங்கும்போது, அறுத்து மூன்று வாரமான மறுதுளிர் நிற்கும் பாத்தியைக் காட்டச் சொல்லுங்கள்.

கரிப்பூட்டை என்று இன்னொன்று உண்டு. தண்டு மெலிந்து, சீக்கிரமே பூத்து, பூங்கதிர் கறுப்புப் பொடியாக இருக்கும். அதற்கும் தோண்டி எரிப்பதுதான். அறுத்த அரிவாளைக் கழுவாமல் அடுத்த பாத்திக்குப் போக வேண்டாம்.

பசும்பாத்தி எழுதியது:

கிழக்கு ஆப்பிரிக்கா என்றதும் ஞாபகம் வந்தது. அங்கே மக்காச்சோள வயலைச் சுற்றி இந்தப் புல்லை நடுகிறார்கள். கென்யாவில் இருக்கும் பூச்சியியல் ஆய்வு மையமான இசிபே இதைப் பரப்பியது. தண்டுத்துளைப்பான் அந்துப்பூச்சிக்கு மக்காச்சோளத்தைவிட யானைப்புல் வாசம் பிடிக்கும், அங்கே போய் முட்டையிடும். ஆனால் புழு தண்டுக்குள் துளைக்கும்போது புல் ஒரு பிசினைச் சுரக்கும், பெரும்பாலான புழு அதில் மாட்டிச் செத்துவிடும். வரிசைக்கு நடுவே டெஸ்மோடியம் என்ற பயறுக்கொடி, அதன் வாசத்துக்குப் பூச்சி விலகிப் போகும். இரண்டுமே மாட்டுக்குத் தீவனம்! இதைப் படித்த நாளிலிருந்து எனக்கு இந்தப் புல் மேல் தனி மரியாதை.

நேப்பியர் என்ற பேரும் ஆப்பிரிக்காவிலிருந்துதான். இன்றைய ஜிம்பாப்வேயின் புலவாயோவில் இருந்த கர்னல் நேப்பியர் என்பவர் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இதைத் தீவனமாக ஆராயச் சொல்லி வேளாண் துறையை வலியுறுத்தினார். யானை விரும்பித் தின்பதால் யானைப்புல். ஐரோப்பாவில் எரிபொருளுக்கு வளர்க்கும் மிஸ்காந்தஸ் என்ற புல்லையும் யானைப்புல் என்கிறார்கள், அது வேறு. இணையத்தில் தேடும்போது குழம்பிவிடாதீர்கள்.

கரணைக்காரி எழுதியது:

வயலோரம் நடுபவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். அசல் யானைப்புல்லை வாய்க்கால் கரையில் நடாதீர்கள். ஒடிந்த தண்டு தண்ணீரில் போய் ஒதுங்கிய இடத்தில் எல்லாம் வேர் பிடிக்கும். அமெரிக்காவின் புளோரிடாவில் கால்வாய்களை அடைக்கும் ஆக்கிரமிப்புச் செடியாக இதைச் சேர்த்திருக்கிறார்கள். சரிவு நிலத்தில் மண் அரிப்பைத் தடுக்க வரப்பில் நடுவது வேறு, அங்கே இது அருமையாக மண்ணைப் பிடிக்கும்.

செவலைக்கன்று எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. ஒரு வாரமாக வேலை. முழு வயலையும் வெட்டிவிட்டேன். அடித்தண்டில் நல்ல கரணையாக எடுத்து இன்னும் கால் ஏக்கர் நட்டாயிற்று. நுனிப்பாகம் நிறைய மிஞ்சிவிட்டது. ஒரே நாளில் வெட்டியதால் மாட்டுக்குப் போட்டு முடியவில்லை, வாடுகிறது. சைலேஜ் (காற்றுப் புகாமல் புளிக்க வைக்கும் தீவனம்) போடலாமா? இனிமேல் ஒரே நேரத்தில் முழுக்க முற்றாமல் இருக்க என்ன செய்வது?

தூர்க்கட்டு எழுதியது:

போடலாம். இந்தப் புல்லில் ஈரம் அதிகம், சர்க்கரை குறைவு, அதனால் மக்காச்சோளம் மாதிரி தானாகப் புளிக்காது. ஒரு நாள் வாட விடுங்கள். 2, 3 சென்டிமீட்டராக நறுக்கி, கைப்பிடி எடுத்து இறுக்கிப் பிழியுங்கள். சாறு சொட்டினால் இன்னும் வாட வேண்டும். கையைத் திறந்ததும் உருண்டை மெதுவாக விரிந்தால் சரி. டன்னுக்கு 30 கிலோ வெல்லப்பாகு கரைத்துத் தெளித்து, மிதித்து மிதித்துக் காற்றை வெளியேற்றி மூடுங்கள். ஒன்றரை மாதம் திறக்க வேண்டாம். திறந்ததும் புளித்த பழ வாசம் வந்தால் நன்றாக அமைந்துவிட்டது. கெட்டுப்போன வெண்ணெய் நாற்றம் என்றால் ஈரம் கூடிவிட்டது, மாட்டுக்கு வேண்டாம்.

முற்றாமல் இருக்க, வயலை 45 பாத்தியாகப் பிரியுங்கள். ஒரு நாளைக்கு ஒரு பாத்தி. கடைசிப் பாத்தி முடியும்போது முதல் பாத்திக்கு 45 நாள் ஆகியிருக்கும். உங்கள் அரை ஏக்கரில் ஒரு பாத்தி 45 சதுர மீட்டர் வரும். நன்றாகக் கவனித்தால் தினமும் 100 கிலோ கிடைக்கும், மாட்டுக்கு 25 கிலோ வீதம் நான்குக்குச் சரியாக இருக்கும். தொடக்கத்தில் எல்லாப் பாத்தியும் ஒரே வயதில் இருப்பதால் முதல் சுற்றில் மட்டும் 30 நாளிலேயே தொடங்கி, பின்னால் வருவது 74 நாள் வரை போகும். இரண்டாம் சுற்றில் ஒழுங்காகிவிடும். கால் ஏக்கர் புதிதாக வருவதைக் கன்றுகளுக்கும் சைலேஜுக்கும் வைத்துக்கொள்ளுங்கள்.

கொட்டில்_மருத்துவன் எழுதியது:

தொடக்கத்தில் 30 நாள் புல் வருவதால் அந்த இரண்டு வாரமும் வைக்கோலைக் கூடப் போடுங்கள், தாது உப்பை மறக்காதீர்கள். முன்பு காராமணிக் கொடி போட்டதாகச் சொன்னீர்கள், அதை ஏன் நிறுத்தினீர்கள்? மூன்று பங்கு புல்லுக்கு ஒரு பங்கு பயறு வகைத் தீவனம் சேருங்கள். காராமணி, வேலிமசால், அகத்தி எது கிடைத்தாலும் சரி. புரதமும் சுண்ணாம்பும் அதில்தான் வரும். பால் குறைந்ததில் அந்தக் கொடியை நிறுத்தியதற்கும் பங்கு உண்டு என்று நினைக்கிறேன்.

செவலைக்கன்று எழுதியது:

புல் நிறைய இருக்கிறதே, கொடி எதற்கு என்று நிறுத்தினேன் டாக்டர். இன்றே பார் நடுவில் காராமணி விதைக்கிறேன்.

செவலைக்கன்று எழுதியது:

மூன்று மாதத்துக்குப் பிறகு வருகிறேன். யாராவது இந்த இழையைப் பார்த்துக்கொண்டிருந்தால் தெரிய வேண்டும் என்று எழுதுகிறேன்.

45 பாத்தியாகப் பிரித்து மூங்கில் குச்சியில் எண் எழுதி நட்டேன். கொட்டில் கழுவும் தண்ணீர் இப்போது வாய்க்காலுக்குப் போகிறது. அறுத்த ஐந்தாம் நாள் தூரைச் சுற்றித் துளிர் எண்ணினேன், முதல் பாத்தியில் ஒரு தூருக்கு 9 இருந்தது. அதே பாத்தியை மறுபடி அறுத்து எண்ணினால் 17. காராமணி பாரின் மேல் ஏறிப் புல்லைச் சுற்றிக்கொண்டது, அறுக்கும்போது இரண்டும் சேர்ந்தே வருகிறது.

இன்று காலை 13-ஆம் பாத்தி, அறுத்து 44 நாள். என் மார்பு உயரம்தான். அடியிலிருந்து முதல் இடைக்கணுவில் நகம் வைத்தேன், இறங்கிவிட்டது, கட்டைவிரல் ஈரமானது. நறுக்கிப் போட்டேன். சாயங்காலம் தொட்டியைத் தடவிப் பார்த்தேன், வழவழப்பாக இருந்தது, ஒரு துண்டு இல்லை. பால் பழைய அளவுக்கு வந்துவிட்டது, ஒரு மாடு அரை லிட்டர் கூடக் கொடுக்கிறது.

எருக்குழி ஐயா, 31-ஆம் பாத்தியில் மட்டும் இலை ஓரம் இன்னும் கருகுகிறது. அந்தப் பாத்தி கொஞ்சம் மேடு, கொட்டில் தண்ணீர் ஏறவில்லை.

எருக்குழி எழுதியது:

அதற்கு வாளியில் சுமந்து ஊற்றுங்கள். இரண்டு பங்கு தண்ணீர் கலந்து, அறுத்த மூன்றாம் நாள், தூரின் மேல் படாமல் பக்கத்தில். மேட்டுப் பாத்திக்கு இரண்டு கூடை சாம்பலும் போடலாம். அடுத்த அறுப்பில் இலை எப்படி இருக்கிறது என்று எழுதுங்கள்.